சேர் தந்த காசோலையின் ஆயுள்

கொட்டகலை கடைத்தெருவில் நான் ஒரு சின்ன அச்சகம் நடத்துகிறேன். கல்யாணக் கார்டு, திருவிழா நோட்டீஸ், மரண அறிவித்தல், பில் புத்தகம். இதுதான் நான் ஊருக்குச் செய்யும் எழுத்துப்பணி. ஒரு ஒஃப்செட் மெஷின், ஒரு பழைய கணினி, மெஷினை ஓட்ட ஓர் அண்ணன். அண்ணன் நான் பிறந்த தேயிலைத் தோட்டத்துக்காரர். எங்கள் லயத்து வரிசை வீடுகளுக்கு அடுத்த லயம். ஐம்பது வயதான என்னை இன்னமும் "தங்கச்சி" என்றுதான் கூப்பிடுவார். கோபம் வந்தால் மட்டும் "முதலாளி" என்பார்.

எனக்கு வழக்காடும் பழக்கம் எல்லாம் கிடையாது. தண்ணீர்க் குழாய்ச் சண்டையில்கூட வாளியை எடுத்துக்கொண்டு ஒதுங்கி நிற்கிற வம்சம் நாங்கள். அப்படிப்பட்ட நான் ஒரு குற்ற வழக்கில் முறைப்பாட்டாளர் ஆனேன். அதுவும் யார் மேல்? சேர் மேல்.

சேர் என்றால் இந்தப் பக்கத்தில் ஒருவர்தான். உயர்தரப் பரீட்சை எழுதும் மாணவர்களுக்கு வணிகக் கல்வி டியூஷன் எடுப்பவர். ஹட்டனிலிருந்து நுவரெலியா வரை எந்த பஸ் ஸ்டாண்டில் இறங்கினாலும் அவருடைய முகத்தில்தான் விழிக்க வேண்டும். கோட் போட்டு, கைகளைக் கட்டிக்கொண்டு, முதுகுக்குப் பின்னால் சூரியன் உதிக்க நிற்பார். கீழே "வணிகக் கல்வியின் சிகரம்" என்று எழுதியிருக்கும். மலைநாட்டில் சிகரத்துக்கா பஞ்சம்? ஆனால் மற்ற சிகரங்களைப் பார்க்க நாம் ஏறிப் போக வேண்டும். இது பஸ் ஸ்டாண்டுக்கே இறங்கி வந்த சிகரம். அந்த போஸ்டரை அடித்தவளும் நான்தான். சூரியனை வைக்கச் சொன்னவர் அவர்.

ஒரு நாள் அவரே கடைக்கு வந்தார். ஒரு வழிகாட்டிப் புத்தகம் எழுதியிருக்கிறாராம், ரெண்டாயிரம் பிரதி வேண்டுமாம், பரீட்சைக்கு முன்னால் மாணவர் கைக்குப் போய்விட வேண்டுமாம். பெட்ரோல் வரிசைகள் ஓய்ந்து கொஞ்ச காலம்தான் ஆகியிருந்தது. கடதாசி விற்ற விலையில் மரண அறிவித்தலையே பாதி அளவில் அடிக்கச் சொன்னார்கள். கொழும்பில் கடதாசிக் கடைக்காரர் கையில் காசில்லாமல் ஒரு தாளைக்கூடத் தரமாட்டார். சேர் மூன்றில் ஒரு பங்கைக் காசாகத் தந்தார். மிச்சத்துக்குக் காசோலை நீட்டினார். செப்டெம்பர் கடைசித் திகதி போட்டிருந்தது.

"காசா இருந்தா நல்லதுங்க சேர்" என்றேன்.

"செக்கும் காசு மாதிரித்தான் அக்கா. காசாவது தொலையும். செக்கு தொலையாது."

உண்மையைத்தான் சொன்னார். அந்தக் காசோலை கடைசிவரை தொலையவே இல்லை.

வளையல் இரண்டையும் அடகு வைத்துக் கடதாசி வாங்கினேன். அவருடைய கையெழுத்துப் பிரதியை நானே இரவு பகலாகத் தட்டச்சு செய்தேன். அண்ணன் அடித்தார். சொன்ன நாளில் ரெண்டாயிரம் புத்தகமும் வேனில் ஏறிப் போயின.

செப்டெம்பர் முடிவதற்கு முந்தின நாள் தொலைபேசி வந்தது.

"அக்கா, நாளைக்குப் போட்டுறாதீங்க. ஒரு ரெண்டு கிழமை பொறுங்க. பசங்களுக்குப் பரீட்சை நெருங்குது."

பசங்களின் பரீட்சைக்கும் அவருடைய வங்கிக் கணக்குக்கும் என்ன சம்பந்தம் என்று நான் கேட்கவில்லை. சேர் சொன்னால் அதில் ஏதோ கணக்கு இருக்கும் என்று நினைத்தேன். இரண்டு கிழமை போனதும் தீபாவளி வந்தது. தீபாவளிக்குப் பிறகு பரீட்சையே வந்தது. பரீட்சை முடிந்ததும் நத்தார் முடியட்டும் என்றார். அவரும் கிறிஸ்தவ வேதக்காரர் இல்லை, நானும் இல்லை. இருந்தாலும் முடியட்டும் என்று இருந்தேன். பிறகு பொங்கல். பிறகு புது வகுப்பு ஆரம்பம். கலண்டர் அடிக்கிறவள் நான். எனக்கே தெரியாத விசேஷங்கள் எல்லாம் அவர் கலண்டரில் இருந்தன.

மார்ச் மாதத்தில் ஒரு பகல், அண்ணன் மெஷினைத் துடைக்கக் கழிவுத் தாள்களை எடுத்தார். சேரின் புத்தகம் அடிக்கும்போது மை பிசகிப்போன தாள்கள். ஒன்றைக் கையில் வைத்துக்கொண்டு மெதுவாக வாசித்தவர் என்னைக் கூப்பிட்டார்.

"தங்கச்சி, செக்குல போட்ட திகதிக்கு ஆறு மாசம் தாண்டிட்டா அது செல்லாதாமே?"

"யாரு சொன்னா?"

"சேர்தான் சொல்றாரு. பக்கம் எழுபத்தி மூணு."

வாங்கிப் பார்த்தேன். "காலங்கடந்த காசோலை" என்று தடித்த எழுத்தில் தலைப்பு. அதைத் தடித்த எழுத்தில் போட்டவளே நான்தான். தட்டச்சு செய்கிறவளுக்கு எழுத்துப் பிழைதான் கண்ணில் படும், அர்த்தம் படாது. சுவரில் தொங்கிய கலண்டரில் விரல் வைத்து எண்ணினேன். எட்டு நாள் பாக்கி.

உடனே அவருக்குப் போன் எடுத்தேன்.

"சேர், செக்கை இந்தக் கிழமை போடலாமுன்னு இருக்கேன்."

"ஐயோ அக்கா, இவ்வளவு நாள் பொறுத்துட்டீங்க. ஏப்ரல் பொறக்கட்டும். அஞ்சாந்திகதி போடுங்க, கண்ண மூடிக்கிட்டுப் போடுங்க."

ஏப்ரல் ஐந்து. காசோலை செத்து ஐந்தாம் நாள். அதுவரை எனக்கு அவர் மேல் வருத்தம்தான் இருந்தது. கஷ்டப்படுகிறார், இல்லாத குறைக்கு இழுக்கிறார் என்று இருந்தேன். அந்த ஐந்தாந்திகதியைக் கேட்ட பிறகுதான் கோபம் வந்தது. எழுபத்து மூன்றாம் பக்கத்தை எழுதிய மனிதர் எழுபத்து மூன்றாம் பக்கத்தின்படியே நடந்துகொண்டிருக்கிறார்.

மறுநாள் வங்கி திறக்கும் முன்னால் வாசலில் நின்றேன். மூன்றாம் நாள் காசோலை திரும்பி வந்தது. கவுண்டரில் இருந்த பிள்ளை ஒரு துண்டுச் சீட்டோடு சேர்த்து அதை என்னிடம் தந்தாள். "வரைந்தவரிடம் விசாரிக்கவும்" என்று சீட்டுச் சொன்னது. காசோலை எழுதியவருக்கு வங்கித் தமிழில் அதுதான் பெயர்.

"அப்படின்னா காசு இல்லன்னு அர்த்தமா?"

"அப்படி எழுதமாட்டோம் அக்கா" என்றாள். பிறகு குரலைத் தாழ்த்தி, "சேர் அப்படிப்பட்டவர் இல்ல. எனக்கு வணிகக் கல்வியில ஏ எடுக்க வச்சதே அவருதான்" என்றாள்.

கடைக்கு வந்து சீட்டைக் காட்டினேன். அண்ணன் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு பார்த்தார். "வரைந்தவரா? சேர் படமெல்லாம் வரைவாரா?" என்று கேட்டார். கேலி செய்கிறாரா, உண்மையிலேயே கேட்கிறாரா என்று இன்றுவரை எனக்குத் தெரியாது.

பக்கத்துக் கடை பேக்கரி. அதன் முதலாளிக்குத் தெரியாத சட்டம் உலகத்தில் இல்லை. பாண் போரணை சூடாகும் நேரமெல்லாம் போனில் வீடியோ பார்த்துப் படித்தவர். என் காசோலைக் கதையைக் கேட்டதும் கையில் இருந்த மாவைத் தட்டிவிட்டு எழுந்தார்.

"அக்கா, நீங்க ஒரு நாள்கூட வீணாக்கக்கூடாது. செக்கு திரும்புன நாள்லருந்து முப்பது நாளைக்குள்ள வக்கீல் நோட்டீஸ் போகணும். நோட்டீஸ் கெடச்சு பதினஞ்சு நாள் டைம் குடுக்கணும். அதுக்கும் குடுக்கலைன்னா ஒரு மாசத்துக்குள்ள கேஸ் போடணும். ஒரு நாள் பிந்துனாலும் கோர்ட்ல தூக்கிப் போட்டுருவாங்க."

போனையும் காட்டினார். கறுப்புக் கோட் போட்ட ஒருவர், பின்னால் தடித்த புத்தக வரிசையோடு, அதையே நல்ல தமிழில் சொல்லிக்கொண்டிருந்தார். இவ்வளவு தெளிவாகப் பேசுகிறவர் தப்பாகச் சொல்வாரா? நான் நம்பினேன்.

அந்த முப்பது நாளில் என்ன இருந்தது என்பது இந்த நாட்டில் இருக்கிறவர்களுக்குச் சொல்லத் தேவையில்லை. சித்திரைப் புத்தாண்டு. சட்டத்தரணிகள் ஊருக்குப் போய்விட்டார்கள். கோர்ட்டுக்கு விடுமுறை. தபால் கந்தோர் திறந்தால் அடுத்த நாள் மூடியிருக்கும். நுவரெலியா சீசனுக்குக் கொழும்பே கிளம்பி வந்துகொண்டிருந்ததில் பஸ்ஸில் ஒற்றைக் காலில் நிற்கவும் இடமில்லை. நான் மூன்று சட்டத்தரணிகளின் பூட்டிய கதவுகளைப் பார்த்துவிட்டுத் திரும்பினேன். ஒரு கதவில் தொங்கிய புத்தாண்டு வாழ்த்து நான் அடித்துக் கொடுத்ததுதான்.

கடைசியில் நோட்டீஸை நானே எழுதுவது என்று முடிவு செய்தேன். அந்த வீடியோவைத் திரும்பத் திரும்ப ஓடவிட்டு எழுதினேன். "தாங்கள் இக்கடிதம் கண்ட பதினைந்து தினங்களுக்குள்" என்று ஆரம்பித்தேன். அண்ணனிடம் கொடுத்து நல்ல தாளில் ஒரு பிரதி எடுக்கச் சொன்னேன். அவர் பழக்க தோஷத்தில் சுற்றிலும் பூக்கொடி போர்டர் போட்டு, மேலே குத்துவிளக்கும் வைத்துவிட்டார். பார்த்தால் சேர் குடும்பத்தோடு வந்து ஆசீர்வதிக்க வேண்டும் போல இருந்தது.

"என்ன அண்ணே இது?"

"மொட்டையா இருந்துச்சு தங்கச்சி."

போர்டரை எடுத்துவிட்டுப் பதிவுத் தபாலில் அனுப்பினேன். இருந்தாலும் மனம் கேட்கவில்லை. வக்கீல் நோட்டீஸ் என்றல்லவா வீடியோ சொன்னது? நான் வக்கீலா? இருபத்தொன்பதாம் நாள் காலையில் ஒரு சட்டத்தரணி ஊர் திரும்பிவிட்டதாகக் கேள்விப்பட்டேன். பாதையில் மண் சரிந்து பஸ் நின்றுவிட்டது. அரை மணி நேரம் மழையில் நடந்து, நனைந்த கோழி போல அவர் அலுவலகத்தில் போய் நின்றேன்.

முப்பத்தைந்து வயது மதிக்கத்தக்க பெண். என்னை உட்காரச் சொல்லித் தலை துவட்டத் துவாய் கொடுத்தார். நான் உட்காரவில்லை.

"மிஸ், நாளையோட முப்பது நாள் முடியுது. இன்னைக்கே நோட்டீஸ் போகணும்."

"எந்த முப்பது நாள்?"

சொன்னேன். பேக்கரி முதலாளி, வீடியோ, கறுப்புக் கோட், பதினைந்து நாள், ஒரு மாதம், எல்லாவற்றையும் ஒரே மூச்சில் சொன்னேன். அவர் பேனாவை மூடி வைத்தார்.

"அக்கா, அது இந்தியாச் சட்டம்."

"அப்ப நம்ம நாட்டுல?"

"நம்ம நாட்டுல செக்கு விஷயத்துல குத்த வழக்குப் போட இருபது வருஷம் வரைக்கும் டைம் இருக்கு. சிவில்ல காசைக் கேட்டு வழக்குப் போடுறதுனா ஆறு வருஷம்."

நான் அப்போதுதான் உட்கார்ந்தேன்.

"இருபது வருஷமா?"

"கொலைக்கும் ராஜத்துரோகத்துக்கும்தான் கால எல்லையே இல்ல. மத்ததுக்கெல்லாம் இருபது."

எனக்குச் சிரிப்பு வரவில்லை. ஒரு மாதம் சாப்பாடு இறங்காமல் ஓடியிருக்கிறேன். கடலுக்கு அந்தப் பக்கத்துச் சட்டத்துக்குப் பயந்து இந்தப் பக்கத்து மழையில் நனைந்திருக்கிறேன். எங்கள் பாட்டன்மார் கப்பலேறி வந்து எத்தனையோ காலமாகிறது. குடியுரிமைக்கு நாயாய் அலைந்து இந்த நாட்டுக்காரர்கள் ஆனோம். இருந்தும் ஒரு காசோலை திரும்பியதும் நான் போய் நின்றது தமிழ்நாட்டுக் கோர்ட் வாசலில். சட்டத்தை நம் பாஷையில் நமக்கு எடுத்துச் சொல்ல இங்கே யாரும் மெனக்கெடவில்லை. அங்கே ஒருவர் மெனக்கெட்டார். நம் பாஷையில்தான் சொன்னார், வேறு நாட்டுச் சட்டத்தை.

சட்டத்தரணி காசோலையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

"ஆறு மாசம் முடியுறதுக்குள்ள பேங்க்ல போட்டிருக்கீங்க. அதுதான் முக்கியம். பிந்தியிருந்தா, காலங்கடந்த செக்குன்னு திருப்பியிருப்பாங்க. அவர் தப்பிச்சிருப்பாரு. யார் சொல்லிக் குடுத்தா?"

"சேர்தான்" என்றேன்.

அப்போதுதான் அவர் கையெழுத்தை உற்றுப் பார்த்தார். முகம் மாறியது.

"இது நம்ம சேரா?"

அவரும் அந்த வகுப்பில் படித்தவர். காசோலையை மேசையில் கவிழ்த்து வைத்தார். எழுந்து போகச் சொல்லப்போகிறார் என்று நினைத்தேன்.

"நான் எடுக்கிறேன் அக்கா. ஆனா ஃபீஸ் முன்னாடியே காசா குடுத்துருங்க" என்றார். "செக் வேணாம். சேர்கிட்டப் படிச்சவ நான்."

முறைப்படி கோரிக்கைக் கடிதம் போனது. பதில் வரவில்லை. வழக்குத் தாக்கல் ஆனது. அழைப்பாணை போனது. போன வேகத்தில் திரும்பியும் வந்தது. குறிப்பிட்ட விலாசத்தில் அப்படி ஒருவர் இல்லையாம். அன்று கோர்ட்டிலிருந்து வெளியே வந்து பஸ் ஸ்டாண்டுக்கு நடந்தால், இருபதடி உயரத்தில் அவர் கைகட்டி நின்றுகொண்டிருந்தார். பொலிஸ்காரர் ஒருவர் அந்தப் பேனரின் நிழலில் நின்று வடை தின்றுகொண்டிருந்தார்.

இரண்டாம் முறை சட்டத்தரணி வகுப்பு மண்டபத்தின் விலாசத்தைக் கொடுத்தார். ஞாயிற்றுக்கிழமை, வகுப்பு நடக்கும் நேரத்தில், அழைப்பாணை போய்ச் சேர்ந்தது.

வழக்கின் முதல் தவணை நாளில் சேர் வெள்ளைச் சட்டை போட்டு வந்தார். நான் சுவரோரமாக நின்றேன். நீதவான் வருவதற்கு முன்னால் ஒரு பொலிஸ்காரர் எழுந்து சேருக்குத் தன் நாற்காலியைக் கொடுத்தார். இன்னொருவர் தண்ணீர் போத்தல் கொண்டுவந்தார். இருவரும் பழைய மாணவர்களாம். பிறகு வழக்கு இலக்கத்தைக் கூப்பிட்டு, "எதிரி வந்திருக்கிறாரா?" என்று கேட்டார்கள். குற்றம் சாட்டப்பட்டவருக்குக் கோர்ட்டுத் தமிழில் அதுதான் பெயர். சேர் எழுந்து நின்றார். ஒரு வருஷமாக அவரை என்ன சொல்லிக் கூப்பிடுவது என்று எனக்குத் தெரியாமல் இருந்தது. அரசாங்கமே ஒரு சொல் வைத்திருக்கிறது.

அன்றைக்கு அவருடைய சட்டத்தரணி தவணை கேட்டார், வழக்கு வேறு நாளுக்குப் போனது. அடுத்த முறை அந்தச் சட்டத்தரணிக்குக் காய்ச்சல். அதற்கடுத்த முறை நீதவான் விடுமுறை. அதற்கும் அடுத்த முறை எதிரியின் மாணவர்களுக்குப் பரீட்சை என்று தவணை கேட்டார்கள். ஒவ்வொரு முறையும் நான் கடையைப் பூட்டிவிட்டு, வேலையை அண்ணன் தலையில் கட்டிவிட்டு, பஸ்ஸேறிப் போய் இரண்டு நிமிஷம் நின்றுவிட்டு வந்தேன். வழக்குப் போட எதற்கு இருபது வருஷம் கொடுத்தார்கள் என்று அப்போது கொஞ்சம் புரிந்தது. கோர்ட்டுக்கு அவசரமில்லை. நமக்கும் இருக்கக்கூடாது என்று நினைக்கிறார்கள்.

இதற்குள் ஊருக்குத் தெரிந்துவிட்டது. கல்யாணக் கார்டுக்கு வந்தவர்கள் கார்டைப் பார்க்காமல் என்னைப் பார்த்தார்கள். "புள்ளைகளுக்குப் பரீட்சை முடியட்டுமே, அப்புறம் கேஸ் போட்டா ஆகாதா?" என்றார் ஒரு பள்ளிக்கூட அதிபர். பரீட்சை வருஷா வருஷம் வருகிறதே என்றேன். "அதைத்தான் சொல்றேன்" என்றார். தோட்டத்துப் பிள்ளை பல்கலைக்கழகம் போக வழிகாட்டுகிற ஒரே மனிதரைக் கோர்ட்டில் ஏற்றிவிட்டாள் என்று பேச்சு. கோயில் திருவிழா நோட்டீஸ் அந்த வருஷம் வேறு அச்சகத்துக்குப் போனது. அம்மனுக்கும் சேர் பக்கம்தான் அனுதாபம் போலிருக்கிறது.

இதற்கெல்லாம் நான் கலங்கவில்லை. என்னைக் கலக்கியது வேறொருத்தி.

ஒரு மத்தியானம் தேயிலைக் கொழுந்தைத் தராசில் நிறுத்துவிட்டு நேராக வந்திருப்பாள் போல. இடுப்பில் கட்டிய படங்குச் சாக்கைக்கூட அவிழ்க்கவில்லை. கடை வாசலில் நின்றே பேசினாள்.

"அக்கா, நீங்கதான் சேர் மேல கேஸ் போட்டவங்களா?"

இன்னொருத்தி சண்டைக்கு வந்துவிட்டாள் என்று நினைத்தேன். "ஆமா" என்றேன்.

"ரெண்டு மாசமா கிளாஸ் இல்லைங்க. கேஸ் முடியிற வரைக்கும் மனசு சரியில்லைன்னு நிப்பாட்டிட்டாராம். எங்க மகளுக்கு நான் ஆறு மாசத்துக்கு முன்காசு கட்டிட்டேன். முன்காசு கட்டுனா புத்தகம் சும்மா தாறேன்னாங்க."

என் புத்தகம். என் வளையலில் வாங்கிய கடதாசி.

"ரசீதுத் துண்டு ஏதும் குடுத்தாரா?"

"ஒண்ணும் குடுக்கலைங்க. சேர்கிட்டப் போய்த் துண்டு கேக்குறதா? உங்களுக்குச் செக்குன்னு ஒண்ணு குடுத்திருக்காரு. அது திரும்பி வந்திருச்சு, நீங்க கோர்ட்டுக்குப் போனீங்க. எங்ககிட்ட திரும்பி வாறதுக்கு ஒண்ணுமே இல்லையே. நாங்க எங்க போறது?"

அவள் கோபப்படவில்லை, விவரம்தான் கேட்டாள். அது கோபத்தைவிட மோசமாக இருந்தது. உள்ளே வந்து உட்காரச் சொன்னேன். தரையெல்லாம் சேறாகும் என்று மறுத்துவிட்டாள். எத்தனை பேர் இப்படிக் கட்டியிருக்கிறார்கள் என்று கேட்டேன். "எங்க தோட்டத்து டிவிசன்ல மட்டும் ஒம்பது புள்ளைங்க" என்றாள்.

சட்டத்தரணியிடம் போய்ச் சொன்னேன். அவர் தலையில் கை வைத்துக்கொண்டார்.

"அது நம்ம வழக்குல இல்லையே அக்கா. எழுத்துல ஒண்ணும் இல்ல, சாட்சி இல்ல. எத்தனை வருஷம் டைம் இருந்தாலும் அவங்களால ஒண்ணும் செய்ய ஏலாது."

அடுத்த தவணைக்கு முன்னால் சேரின் பக்கமிருந்து சமாதானப் பேச்சு வந்தது. சாட்சி விசாரணைக்குத் திகதி குறித்தாகிவிட்டது. குற்றவாளியானால் சிறைவரை போகலாம் என்று அவருக்கும் யாரோ சொல்லியிருக்க வேண்டும். கோர்ட் மரத்தடியில் இரண்டு சட்டத்தரணிகளும் நாங்கள் இருவரும் நின்றோம். எட்டுத் தவணையாகப் பணம் கட்டி முழுத் தொகையையும் தீர்த்துவிடுகிறேன், வழக்கை முடித்துக்கொள்ள ஒத்துக்கொள்ளுங்கள் என்றார் சேர்.

"சரிங்க சேர். ஆனா இன்னொன்னு இருக்கு" என்றேன். "முன்காசு வாங்குன புள்ளைகளுக்கு கிளாஸ முடிச்சுக் குடுங்க. கட்டுன ஆறு மாசத்துக்கும்."

"அது வேற விஷயம் அக்கா."

"வேற விஷயம்தான்."

"அதுக்கும் இந்தக் கேஸுக்கும் சம்பந்தமில்ல. உங்க மிஸ்கிட்டயே கேளுங்க."

என் சட்டத்தரணி என்னைப் பார்த்தார். பிறகு தன் பழைய ஆசிரியரைப் பார்த்தார். "சம்பந்தம் இல்லதான் சேர்" என்றார். "ஆனா என் கட்சிக்காரர் சமாதானத்துக்குச் சம்மதிக்கணும்னு கட்டாயமும் இல்ல. விசாரணைக்கே போவோம்."

சேர் சட்டைப் பையிலிருந்து கைக்குட்டையை எடுத்து முகத்தைத் துடைத்தார். அந்த நிமிஷம் அவர் போஸ்டரில் இருக்கும் ஆளைவிடக் குட்டையாகத் தெரிந்தார். "ஞாயித்துக்கெழமைகள்ல செய்றேன்" என்றார்.

முதல் தவணைப் பணத்தை அன்றே கட்ட வேண்டும். அவர் கைப்பையைத் திறந்து காசோலைப் புத்தகத்தை வெளியே எடுத்தார். அங்கே நின்ற மூன்று பேரும் ஒரே நேரத்தில் "காசா!" என்று சொன்னோம். அவருடைய சட்டத்தரணியும் சேர்த்துத்தான். அவருக்கும் ஃபீஸ் பாக்கி இருந்திருக்கும்.

ஞாயிறு வகுப்புகள் ஒரு கோயில் மண்டபத்தில் நடந்தன. இரண்டாம் கிழமை நான் போய்ப் பின்வரிசையில் உட்கார்ந்தேன். உளவு பார்க்கத்தான் போனேன். சேர் என்னைக் கண்டும் காணாதது போல எழுதிக்கொண்டே போனார். உண்மையைச் சொல்கிறேன், அந்த மனிதர் அற்புதமாகப் பாடம் நடத்தினார். பின்வரிசையில் தூங்கி விழுந்த ஒரு பிள்ளையின் பெயரைச் சொல்லி எழுப்பி, அதன் அம்மா பறிக்கும் கொழுந்தின் கிலோவை வைத்தே இலாபக் கணக்கைப் புரிய வைத்தார். முப்பது வருஷமாக வியாபாரம் செய்யும் எனக்கு அன்றுதான் தேய்மானம் என்றால் என்ன என்று விளங்கியது. எனக்கு எரிச்சலாக வந்தது. மோசமான வாத்தியாராக இருந்திருந்தால் வெறுத்துவிட்டு நிம்மதியாக வீட்டுக்குப் போயிருக்கலாம். என் கடை வாசலில் நின்று பேசிய பெண்ணின் மகள் முன்வரிசையில் உட்கார்ந்து ஒரு சொல் விடாமல் எழுதிக்கொண்டிருந்தாள்.

எட்டுத் தவணை என்றது பதினொன்றாக நீண்டது. ஆனாலும் முடிந்தது. கடைசிப் பணத்தைக் கட்டிய அன்று வழக்கை முடிவுறுத்தினார்கள். அதற்கு இரண்டு நிமிஷம்கூட ஆகவில்லை. வெளியே வந்தபோது வராந்தாவில் சேர் எனக்காக நின்றுகொண்டிருந்தார்.

"அக்கா, எல்லாம் முடிஞ்சுருச்சு. மனசுல ஒண்ணும் வச்சுக்காதீங்க."

"வச்சுக்குவேன் சேர்" என்றேன்.

அவர் சிரிக்கப் பார்த்தார். நான் சிரிக்காததைக் கண்டு நிறுத்திக்கொண்டார். மழை விடுவதற்காக இருவரும் அதே வராந்தாவில் நின்றோம். முன்வரிசையில் எழுதிக்கொண்டிருந்த அந்தப் பிள்ளைக்கு வணிகக் கல்வியில் பி வந்திருந்தது. மற்ற இரண்டு பாடமும் காலை வாரிவிட்டதில் பல்கலைக்கழகம் கிடைக்கவில்லை. கொழும்பில் ஒரு துணிக்கடையில் கணக்கெழுதப் போயிருக்கிறாள் என்று அவளுடைய அம்மா போன கிழமைதான் சொல்லிவிட்டுப் போனாள். அதைச் சேரிடம் சொல்லலாமா என்று யோசித்தேன். அதற்குள் என் பஸ் வந்துவிட்டது.